ஆரஞ்சு கேக்கின் முதல் துண்டு

என் தங்கை எதையும் தூக்கி எறிய மாட்டாள். சோப்பு தேய்ந்து வில்லையாகிவிட்டால் அதைப் புதுச் சோப்பின் முதுகில் ஒட்டிவிடுவாள். சட்டை நைந்துபோனால் பொத்தான்கள் அவளுடைய டப்பாவுக்குப் போகும், துணி தரை துடைக்கப் போகும். சின்ன வயதிலேயே வீட்டில் அவளுக்கு ‘மிச்சம்’ என்று பெயர் வைத்துவிட்டோம். முப்பத்தெட்டு வயதுவரை கல்யாணம் ஆகாமல் இருந்தபோது சொந்தக்காரர்கள் சிலர் அதே பெயரை வேறு தொனியில் சொல்லிச் சிரித்தார்கள். நான் ஃபிரிட்ஜ், ஓவன், வாஷிங் மெஷின் ரிப்பேர் பார்க்கிறவன். அந்தச் சொந்தக்காரர்கள் வீட்டில் எது கெட்டுப்போனாலும் நான் போவதில்லை. இன்றைக்கும் போவதில்லை.

அவளுக்குக் கண்ணாடிக் கடையில் வேலை. லென்ஸைத் தேய்த்து ஃபிரேமுக்குள் உட்கார வைப்பது அவள் பொறுப்பு. ஓர் இம்மி பிசகினாலும் போடுகிறவனுக்குத் தலை சுற்றும். அவள் கை நடுங்கி நான் பார்த்ததில்லை. அந்தக் கடைக்கு உடைந்த கண்ணாடியோடு வந்த ஒரு பஸ் டிரைவர், கண்ணாடி சரியான பிறகும் ஏதாவது சாக்குச் சொல்லிக்கொண்டு நாலைந்து தடவை வந்தார். கடைசியில் என்னிடம் வந்து நேராகக் கேட்டார். மனைவி நோயில் இறந்துவிட்டார், ஒரு பெண் குழந்தை இருக்கிறது, உங்கள் தங்கைக்குச் சம்மதமா என்றார். மனுஷன் நல்லவர். அவசரக்காரர், வாய்க்கு வந்ததைப் பேசுகிறவர், ஆனால் நல்லவர். அப்படித்தான் அவர் எனக்கு மாப்பிள்ளை ஆனார்.

அந்தப் பெண்ணுக்கு அப்போது பத்து வயது. அவளுக்கு வேர்க்கடலை ஆகாது. சிலருக்கு ஏதோ ஒரு காய் ஆகாது, சாப்பிட்டால் அரிக்கும், சொறிந்துவிட்டுப் போய்விடுவார்கள். இது அந்த ரகம் இல்லை. ஏழு வயதில் பள்ளித் தோழி வீட்டில் பாதி பிஸ்கட் தின்று, தொண்டை அடைத்து, ஆஸ்பத்திரியில் கிடந்து பிழைத்தவள். அதிலிருந்து அவர்கள் வீட்டுக்குள் வேர்க்கடலை வருவதில்லை. வாசல் கதவுக்குப் பக்கத்தில் ஆணியில் ஒரு மஞ்சள் பை தொங்கும். அதற்குள் பேனா மாதிரி இரண்டு ஊசிகள் இருக்கும். தொடையில் வைத்து அழுத்தினால் மருந்து தானே இறங்கும்.

அப்பா சமைத்ததைத் தவிர எதையும் அவள் தொடுவதில்லை. கடையில் வாங்கியது என்றால் பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படித்து முடித்த பிறகுதான் வாய்க்குப் போகும். நான் அவளுக்கு ‘இன்ஸ்பெக்டர்’ என்று பெயர் வைத்தேன். முதல் தடவை கூப்பிட்டபோது முறைத்தாள், அப்புறம் பழகிவிட்டது. என் தங்கையை முதல் நாளிலிருந்தே ‘சித்தி’ என்றுதான் கூப்பிட்டாள். ஆனால் பள்ளிக்கூடத்தில் டீச்சரைக் கூப்பிடுகிற குரலில் கூப்பிட்டாள்.

ஒரு வருஷத்தில் என் தங்கை கையிலிருந்து அவள் வாங்கிச் சாப்பிட்டது எல்லாம் தோலோடு இருப்பவை மட்டும்தான். ஓட்டோடு அவித்த முட்டை, வாழைப்பழம், ஆரஞ்சு. தானே உடைத்து, தானே உரித்துத் தின்னக்கூடியது என்றால் சரி. மற்றபடி எதை நீட்டினாலும் “வேணாம் சித்தி, பசிக்கல” என்பாள். மாப்பிள்ளைக்கு நாள் முழுக்க ஷிப்ட் விழும் நாட்களில், காலையில் அவர் சமைத்து மூடி வைத்துப் போனதைச் சாயங்காலம் ஆறிப்போய்ச் சாப்பிடுவாள். பக்கத்திலேயே என் தங்கை சமைத்தது ஆவி பறக்க இருக்கும்.

“உனக்குக் கோபமே வராதா?” என்று ஒரு நாள் கேட்டேன்.

“பயப்படற குழந்தைகிட்ட என்னண்ணா கோபம்? அது பயம் அதுக்கு நியாயமாத்தான இருக்கு” என்றாள்.

அப்படிச் சொன்னவள்தான் என் வீட்டுக்கு வந்து என் பெண்டாட்டியின் தோளில் சாய்ந்து அழுதிருக்கிறாள். ஒரு குழந்தைக்கு ஒரு வாய் ஊட்ட முடியாத வீட்டில் எனக்கு என்ன வேலை என்று கேட்டு அழுதாள். எனக்குக் கோபம் வந்தது, ஆனால் அந்தக் குழந்தை மேல் இல்லை. யார் மேல் என்றும் தெரியவில்லை.

கேக் விஷயம் ஆரஞ்சுத் தோலில் ஆரம்பித்தது. இன்ஸ்பெக்டர் ஆரஞ்சை உரித்துத் தோலை மேஜை மேல் விட்டுவிட்டுப் போவாள். என் தங்கை அதை எடுத்து வைப்பாள். ஒரு நாள் குழந்தை நின்று பார்த்துவிட்டாள்.

“தோலை எதுக்கு எடுத்து வைக்கிறீங்க சித்தி?”

“மேல் தோலைச் சீவிப் போட்டா கேக் மணக்கும். பட்டை, கிராம்பு எல்லாம் சேர்த்து ரொட்டி மாதிரி நீளமா ஒரு கேக் செய்வேன்.”

இவள் ரொம்ப நேரம் யோசித்தாளாம். அப்புறம், “எல்லாத்தையும் நான் பார்ப்பேன். ஒவ்வொண்ணா பார்ப்பேன். அப்படின்னா செய்ங்க” என்றாளாம்.

என் தங்கை அன்றைக்கே எனக்குப் போன் செய்தாள். ஓவன் சூடு ஏறுவதும் இறங்குவதுமாக இருக்கிறது, ஞாயிற்றுக்கிழமை வந்து சரிபார்த்துக் கொடு, கேக் தீய்ந்துவிட்டால் அவ்வளவுதான், இன்னொரு தடவை கேட்க மாட்டாள் என்றாள். அவள் குரலில் இருந்த படபடப்பைக் கேட்டால் அவளே பரீட்சை எழுதப் போகிறாள் என்று நினைக்கத் தோன்றும்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் போனேன். மாப்பிள்ளை வேலைக்குப் போயிருந்தார். சமையலறையில் ஒரு ஸ்டூலைப் போட்டு இன்ஸ்பெக்டர் உட்கார்ந்திருந்தாள். மாவு, வெண்ணெய், சர்க்கரை, பேக்கிங் பவுடர், பட்டை, கிராம்பு, ஏலக்காய், சுக்கு என்று எல்லாப் பாக்கெட்டும் அவள் முன்னால் வரிசையாக நின்றன. ஒவ்வொன்றாகத் திருப்பிப் படித்தாள். பொடி எழுத்தைக்கூட விடவில்லை. ஒரு மாவுப் பாக்கெட்டை ஒதுக்கி வைத்து, “இதுல ‘வேர்க்கடலை இருக்கலாம்’னு போட்டிருக்கு, வேணாம்” என்றாள். என் தங்கை மறுபேச்சில்லாமல் வேறு பாக்கெட் எடுத்துக் கொடுத்தாள். அவளும் முன்யோசனையாக இரண்டு கம்பெனி மாவு வாங்கி வைத்திருந்தாள்.

“என் கையையும் ஒரு தடவை பார்த்துருங்க இன்ஸ்பெக்டர்” என்று நான் நீட்டினேன்.

“சோப்பு போட்டுக் கழுவிட்டு வாங்க மாமா” என்றாள். சிரிக்கவே இல்லை. போய்க் கழுவிக்கொண்டு வந்தேன்.

ஓவனின் பின்பக்கத்தைக் கழற்றிப் பார்த்தேன். தெர்மோஸ்டாட் அடிபட்டிருந்தது. அதை மாற்றிப் போடும் நேரத்தில் என் தங்கை வேலையை ஆரம்பித்தாள். ஆரஞ்சின் மேல் தோலை மட்டும் லேசாகச் சீவினாள். உள்ளே இருக்கும் வெள்ளை வந்துவிட்டால் கசக்கும். பிறகு மிக்ஸியின் சின்ன ஜாரை எடுத்துச் சர்க்கரையும் மசாலாக்களும் போட்டு அரைத்தாள்.

இங்கே எங்கள் குடும்ப வழக்கம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். மசாலா அரைக்கும் ஜாரில் எங்கள் வீட்டில் தண்ணீர் படக் கூடாது. எங்கள் அம்மா போட்ட சட்டம் அது. தண்ணீர் பட்டால் அடுத்த பொடி கட்டி தட்டும் என்பாள். அதற்குப் பதில் ஒரு பிடி சர்க்கரையைப் போட்டு ஒரு சுற்று விடுவோம். பிளேடுக்கு அடியில் அப்பியிருப்பதெல்லாம் சர்க்கரையோடு பெயர்ந்து வந்துவிடும், ஜார் பளிச்சென்று ஆகிவிடும். அந்தச் சர்க்கரையையும் எறிய மாட்டோம், டீயில் போட்டுக் குடிப்போம். கல்யாணமாகிப் போன இடத்திலும் என் தங்கை இந்தச் சட்டத்தை அமல்படுத்தியிருந்தாள். அதை மாப்பிள்ளை ஒழுங்காகக் கடைப்பிடித்ததில் அவளுக்குப் பெருமை வேறு.

“அந்த ஜார்?” என்று கேட்டாள் இன்ஸ்பெக்டர்.

“நம்ம ஜார்தான். நம்ம வீட்டு ஆளைத் தவிர யாரும் தொட மாட்டாங்க” என்றாள் என் தங்கை.

இன்ஸ்பெக்டர் தலையாட்டினாள். அரைத்த சர்க்கரையை என் தங்கை ஒரு சின்ன பிரஷ்ஷால் மூலை முடுக்கெல்லாம் வழித்து, ஒரு துளி வீணாகாமல் வெண்ணெயில் கொட்டினாள். ஜாரின் அடிவரைக்கும் வழித்தாள்.

முட்டையை ஒவ்வொன்றாக உடைத்து ஊற்றி அடித்தாள். மாவைச் சலித்துச் சேர்த்தாள். நீளமான தகர அச்சில் ஊற்றி ஓவனுக்குள் வைத்தாள். அதற்கப்புறம் எங்கள் மூன்று பேருக்கும் ஓவன் கதவை விட்டால் வேறு உலகமில்லை. நான் ஒரு தெர்மாமீட்டரை உள்ளே வைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தேன். பாதியில் சூடு எகிறியது. எனக்கு வியர்த்துவிட்டது. புது தெர்மோஸ்டாட் காலை வாருகிறதே என்று திட்டிக்கொண்டே திருகைத் தளர்த்தினேன். என் தங்கை முந்தானையைத் திருகிக்கொண்டே நின்றாள். கொஞ்ச நேரத்தில் முள் இறங்கியது. கேக்கின் நடுமுதுகு லேசாக வெடித்து மேலே எழுந்தது. வீடு முழுக்க ஆரஞ்சும் கிராம்பும் மணந்தது.

குச்சியைக் குத்திப் பார்த்தாள். சுத்தமாக வந்தது. சூடாக இருக்கும்போதே அங்கங்கே குத்தி, சர்க்கரை கலந்த ஆரஞ்சுச் சாற்றை மேலே ஊற்றினாள். ஆறட்டும் என்று தட்டில் கவிழ்த்து வைத்தாள். இன்ஸ்பெக்டர் ஸ்டூலை விட்டு எழுந்திருக்கவில்லை.

ஆறிய பிறகு என் தங்கை ஒரு துண்டு வெட்டித் தட்டில் வைத்து அவள் முன்னால் தள்ளினாள். தள்ளிவிட்டு உடனே திரும்பிக்கொண்டு, அந்தத் தகர அச்சைத் தேய்க்க ஆரம்பித்தாள். அதில் தேய்க்க ஒன்றுமே இல்லை. பார்த்துக்கொண்டு நின்றால் குழந்தை திரும்ப வைத்துவிடுவாளோ என்று பயம். எனக்கு அது புரிந்தது, நானும் ஓவன் திருகாணிகளை எண்ணுவது போலக் குனிந்துகொண்டேன். ஓரக்கண்ணால் பார்த்தேன். இன்ஸ்பெக்டர் துண்டைத் தூக்கி முகர்ந்தாள். இப்படியும் அப்படியும் திருப்பினாள். ஓரத்தைக் கடித்தாள்.

மென்றாள். ஒரு வருஷம் கழித்து என் தங்கை சமைத்த ஒன்று அந்தக் குழந்தை வாய்க்குள் போயிருந்தது.

அந்த நேரம் பார்த்து வாசலில் சத்தம். மேல் மாடிக்குப் புதிதாகக் குடிவந்திருந்த அம்மாள் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தார். நல்ல மனுஷி, ஆனால் பேச ஆரம்பித்தால் முற்றுப்புள்ளி கிடையாது.

“என்னம்மா, வாசனை மாடி வரைக்கும் வந்து ஆளை இழுக்குது! உங்க ஜாரைப் பத்திச் சொல்லணும்னே இருந்தேன். என் மிக்ஸி புட்டுக்கிச்சு, முந்தாநாள் காலையில உங்க வீட்டுக்காரர்தான் எடுத்துக் குடுத்தார். என்னமா அரைக்குது! எங்க வீட்டுக்காரர் உடம்பு ஏத்தறேன்னு தினமும் பால்ல வேர்க்கடலைப் பொடி போட்டுக் குடிக்கிறார். ஒரே நிமிஷத்துல மாவாக்கிருச்சு. தண்ணி படக்கூடாதுன்னு உங்க வீட்டுக்காரர் சொன்னார், அதனால துணியால நல்லா துடைச்சுத்தான் அவர்கிட்டயே திருப்பிக் குடுத்தேன்...”

தகர அச்சு தரையில் விழுந்தது. என் தங்கை திரும்பிய வேகத்தில் இன்ஸ்பெக்டர் கையிலிருந்த துண்டு சுவரில் போய் ஒட்டியது. கையோடு சேர்த்து ஓங்கி அடித்திருந்தாள்.

“துப்பு! துப்பிரு! முழுங்காத!”

“முழுங்கிட்டேன்” என்றாள் குழந்தை. அடிபட்ட கையைப் பிடித்துக்கொண்டு எங்கள் முகங்களை மாறி மாறிப் பார்த்தாள். எதுவும் விளங்காத பயம் அந்த முகத்தில் இருந்தது. என்னால் அதைத் தாங்க முடியவில்லை.

“ஒண்ணுமில்லடா, ஒண்ணுமில்ல, சும்மா...” என்று ஆரம்பித்தேன்.

“இருக்கு” என்றாள் என் தங்கை. குழந்தை முன்னால் மண்டியிட்டு உட்கார்ந்து அவள் கண்ணைப் பார்த்துச் சொன்னாள். “இந்த கேக்குல வேர்க்கடலை இருக்கு. ஜாருக்கு அடியில இருந்திருக்கு, எனக்குத் தெரியல. நான்தான் வழிச்சுப் போட்டேன். ஒரு வாய் உள்ள போயிருச்சு. இப்போ வாயைக் கொப்பளி.”

மேல் வீட்டு அம்மாள் வாயைப் பொத்திக்கொண்டு சுவரோடு சாய்ந்துவிட்டார். நான் சும்மா இருக்காமல், “ஓவன்ல அவ்வளவு சூட்டுல வெந்துருக்கே, அதெல்லாம் போயிருக்காதா?” என்று கேட்டேன். “போகாது” என்றாள், என்னைத் திரும்பிக்கூடப் பார்க்காமல். “அண்ணா, ஆம்புலன்ஸுக்குப் போன் போடு. அக்கா, வாசல்ல மஞ்சப் பை, எடுங்க.”

ஆம்புலன்ஸ்காரர்கள் வர நேரமாகும் என்றார்கள். வண்டி இருந்தால் நீங்களே கொண்டு வாருங்கள் என்றார்கள். என் ரிப்பேர் வேன் வாசலில்தான் நின்றது. நான் போனை வைத்துத் திரும்பியபோது குழந்தையின் உதடு ஒரு பக்கமாகத் தடித்திருந்தது. கழுத்தில் சிவப்புத் திட்டுகள் கிளம்பின. “அரிக்குது” என்றாள். அப்புறம் இருமினாள். அந்த இருமல் நல்ல இருமல் இல்லை என்று எனக்கே தெரிந்தது.

“சித்தி, நான் செத்துப்போயிடுவேனா?”

அந்தக் கேள்விக்கு எந்தப் பெரியவனும் என்ன சொல்வான்? வாய் திறந்தால் நான் மறுபடியும் ‘ஒண்ணுமில்ல’ என்றுதான் சொல்லியிருப்பேன். என் தங்கை ஊசியின் மூடியைக் கழற்றிக்கொண்டே சொன்னாள். “மூச்சு அடைக்கும். பயமா இருக்கும். இந்த ஊசி போட்டா திறக்கும். திறக்கலன்னா இன்னொண்ணு இருக்கு. அதுக்குள்ள ஆஸ்பத்திரி வந்துரும். நான் உன் கூடவே இருக்கேன். இப்போ வலிக்கும்.”

லென்ஸ் பிடிக்கிற கை அது. பாவாடைக்கு மேலேயே தொடையில் வைத்து அழுத்தி, மனதுக்குள் எண்ணி, எடுத்தாள். கை நடுங்கவில்லை. எனக்குத்தான் வேன் சாவி இரண்டு தடவை கீழே விழுந்தது.

வேனின் பின்பக்கத்தில் யாரோ ஒருவருடைய ஃபிரிட்ஜ் கட்டியிருந்தது. அதை இறக்கிவைக்க நேரமில்லை. முன் சீட்டில் என் தங்கை குழந்தையை மடியில் சாய்த்துப் பிடித்துக்கொண்டாள். நான் வாழ்க்கையில் அப்படி ஓட்டியதில்லை. ஒவ்வொரு வளைவிலும் பின்னால் ஃபிரிட்ஜ் இடித்தது. ஞாயிற்றுக்கிழமை கூட்டம் தெருவையெல்லாம் அடைத்துக்கொண்டு ஐஸ்கிரீம் தின்றுகொண்டு நடந்தது. ஹாரனிலிருந்து கையை எடுக்காமல் கண்டபடி கத்திக்கொண்டு போனேன். என்னென்ன கத்தினேன் என்று சொன்னால் இந்தக் கதை அச்சில் வராது.

பெரிய சிக்னலில் மாட்டினோம். முன்னால் லாரி, பின்னால் லாரி. குழந்தையின் மூச்சில் விசில் சத்தம் கேட்டது. மூச்சை இழுத்தபோது கழுத்துக்குழி உள்ளே போனது.

“அண்ணா, ரெண்டாவது போடறேன்” என்றாள் என் தங்கை. எனக்குச் சொல்வது போலக் குழந்தைக்குத்தான் சொன்னாள். “இன்னொரு தடவை வலிக்கும். முதல் ஊசி பாதிதான் வேலை செஞ்சிருக்கு. அதனாலதான் ரெண்டாவது.”

குழந்தை என் தங்கையின் கட்டை விரலை இறுக்கிப் பிடித்திருந்தாள். போடுங்கள் என்று தலையை மட்டும் ஆட்டினாள். பச்சை விழுந்தபோது நான் எப்படி லாரியைத் தாண்டினேன் என்று எனக்கே தெரியாது.

ஆஸ்பத்திரியில் தள்ளுவண்டியில் வைத்து உள்ளே கொண்டுபோனார்கள். கதவு மூடிக்கொண்டது. அதற்கப்புறம்தான் என் தங்கை கையைப் பார்த்தேன். நடுங்கிக்கொண்டிருந்தது. இரண்டு கையையும் அக்குளில் சொருகிக்கொண்டு, கதவையே பார்த்துக்கொண்டு நின்றாள். “நான்தான் போட்டேன், நானேதான் வழிச்சு வழிச்சுப் போட்டேன்” என்று முணுமுணுத்தாள். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. அவள் மேல் கேக் வாசனை இன்னும் அடித்தது. எனக்கு அந்த வாசனையே வெறுத்துப்போனது.

டாக்டர் வெளியே வந்து, பிழைத்துவிட்டாள், ஊசியைத் தாமதிக்காமல் போட்டது நல்லதாகிவிட்டது, நாளைக் காலை வரைக்கும் இங்கேயே இருக்கட்டும் என்றார். நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். என் தங்கை அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

மாப்பிள்ளை டிரைவர் சட்டையோடு ஓடி வந்தபோது குழந்தையை வார்டுக்கு மாற்றியிருந்தார்கள். மூக்கில் ஆக்சிஜன் டியூப், கையில் டிரிப். முகம் வீங்கியிருந்தது, கண்ணை மூடியிருந்தாள். அவர் அவளைப் பார்த்தார், அப்புறம் என் தங்கையைப் பார்த்தார்.

“உன்னை நம்பித்தான விட்டுட்டுப் போனேன்?”

“என் தப்புதான்” என்றாள் என் தங்கை.

“தப்புன்னு சொல்லிட்டா ஆச்சா? இத்தனை வருஷமா இந்த வீட்டுல கடலைங்கற பேச்சே கிடையாதே! உனக்கு கேக்தான் இப்போ கேடா? இனிமே இவளுக்கு நீ ஒண்ணும் சமைக்க வேணாம். ஒண்ணுமே தர வேணாம். தண்ணிகூட நான் தரேன்.”

“சரி” என்றாள் அவள்.

அந்த ஒற்றைச் சொல்லில் அவளுடைய ஒரு வருஷமும் போய்விட்டது. முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. அவள் கண்ணைக் காட்டி என்னைப் பேசாமல் இருக்கச் சொன்னாள். எனக்கு அந்தப் பழக்கம் இல்லை.

“மாப்பிள்ளை, ஜாரை மேல் வீட்டுக்கு எடுத்துக் குடுத்தது யாரு?”

“எந்த ஜார்?”

“சின்ன ஜார். முந்தாநாள் காலையில. தண்ணி படக்கூடாதுன்னு சொல்லிக் குடுத்தீங்களே. அந்தம்மா அதுல வேர்க்கடலை அரைச்சுட்டு, உங்க பேச்சை மதிச்சு, கழுவாம துடைச்சு வெச்சிருக்காங்க.”

மாப்பிள்ளை என்னையே பார்த்தார். “அவசரத்துல வந்து கேட்டாங்க... பஸ்ஸுக்கு நேரமாச்சு... ஜார்தானேன்னு...” என்றார். கட்டில் பக்கம் திரும்பிக் குழந்தையின் நெற்றியில் கை வைத்தார்.

“ஒண்ணுமில்லடா கண்ணு. எல்லாம் சரியாயிடுச்சு, ஒண்ணுமில்ல.”

குழந்தை கண்ணைத் திறந்தாள். தூங்கவில்லை, எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறாள்.

“ஒண்ணுமில்லன்னு சொல்லாதீங்கப்பா.”

குரல் கரகரவென்று இருந்தது. மூச்சு வாங்கி, நிறுத்தி நிறுத்திப் பேசினாள்.

“பிஸ்கட் சாப்பிட்டப்பவும் அப்படித்தான் சொன்னீங்க. எனக்கு மூச்சு வரல, நீங்க ஒண்ணுமில்ல ஒண்ணுமில்லன்னு சொல்லிட்டே தூக்கிட்டு ஓடினீங்க. அம்மாவுக்கும் ஒண்ணுமில்லன்னுதான் சொன்னீங்க. அதனால நான் செத்துப்போகப் போறேன்னு நினைச்சேன்.”

மாப்பிள்ளை கட்டில் விளிம்பில் உட்கார்ந்தார். பஸ்ஸை எத்தனையோ வருஷமாக ஓட்டுகிற கைகள், அவற்றை எங்கே வைப்பது என்று தெரியாமல் தொடை மேல் வைத்தார். நான் ஜன்னலைப் பார்த்தேன். எனக்கும் சேர்த்துத்தான் அந்த அடி விழுந்தது.

“சித்தி கடலை இருக்குன்னு சொல்லிட்டாங்க. மூச்சு அடைக்கும்னாங்க, அடைச்சுது. ஊசி போட்டா திறக்கும்னாங்க, திறந்துச்சு. பாதிதான் திறந்துச்சு, அதையும் சொன்னாங்க.” கொஞ்ச நேரம் மூச்சு வாங்கினாள். “வேணும்னா நீங்களும் சமைங்கப்பா. ஆனா சித்தி சமைக்கட்டும்.”

பக்கத்துக் கட்டில்காரர் டிவி சத்தத்தைக் குறைத்துவிட்டார். என் தங்கை சுவரோரமாக நின்றவள் நின்றபடியே இருந்தாள். பக்கத்தில் வரலாமா என்றுகூட அவளுக்குத் தெரியவில்லை.

குழந்தை தலையை அவள் பக்கம் திருப்பினாள்.

“சித்தி, அந்த கேக். ஒரு வாய்தான் சாப்பிட்டேன். நல்லா இருந்துச்சு.”

இவ்வளவு நேரமும் அழாதவள் அப்போதுதான் உடைந்தாள். கட்டிலுக்கு ஓடி, குழந்தையின் கையைப் பிடித்து அதன் மேல் முகத்தை வைத்துக்கொண்டு, சின்னப் பிள்ளை மாதிரி ஓவென்று அழுதாள். நர்ஸ் எட்டிப் பார்த்தாள். நான் கையைக் காட்டி அவளைப் போகச் சொன்னேன்.

“சித்தி, அது டியூப் இருக்கற கை” என்றாள் இன்ஸ்பெக்டர். “இழுக்குது. இந்தப் பக்கம் வந்து அழுங்க.”

என் தங்கை மூக்கைத் துடைத்துக்கொண்டு எழுந்து, கட்டிலைச் சுற்றிக்கொண்டு அந்தப் பக்கம் போனாள்.